கால அறை: கற்பனை உலகின் நேரக் கருவி எப்படி இயங்கும்?

ஒரு கற்பனை உலகம். அங்கே ஓர் அறைக்குள் போய்ப் பத்து மணி நேரம் வேலை பார்த்துவிட்டுக் கதவைத் திறந்தால், வெளியே ஒரு மணி நேரம்தான் ஓடியிருக்கிறது. பக்கத்து அறையில் நேர்மாறு: உள்ளே படுத்திருக்கும் நோயாளிக்கு ஒரு மணி நேரம் கழிவதற்குள் வெளியே பத்து மணி நேரம் ஆகிவிடுகிறது. முதலாவதை வேக அறை என்றும் இரண்டாவதை மெது அறை என்றும் அழைப்போம். வெளியே ஒரு மணி ஆகும்போது உள்ளே எத்தனை மணி ஆகிறது என்ற எண்தான் கால விகிதம். வேக அறைக்கு அது 10, மெது அறைக்கு 0.1.

கதைகளிலும் விளையாட்டுகளிலும் இந்தக் கருவி பெரும்பாலும் ஒரு பொத்தானோடும் ஒரு நீல ஒளியோடும் முடிந்துபோகிறது. அது பெரிய இழப்பு. ஒரே ஒரு பொய்யை மட்டும் அனுமதித்துவிட்டு மற்றதையெல்லாம் உண்மையான இயற்பியலிடம் ஒப்படைத்துப் பாருங்கள். சுவர் எப்படி இருக்க வேண்டும், எதைக் கொண்டு குளிரூட்ட வேண்டும், கதவை எப்படித் திறக்க வேண்டும், செலவு எவ்வளவு, எங்கே விபத்து நேரும் என்பதெல்லாம் கணக்கிலிருந்தே வந்துவிடும். அந்தக் கணக்கைத்தான் இங்கே படிப்படியாகப் போடப்போகிறோம். பள்ளிப் பெருக்கல், வகுத்தல் தெரிந்தால் போதும்.

நிஜத்தில் நமக்குத் தெரிந்தது

நேரம் எல்லா இடத்திலும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. ஐன்ஸ்டைனின் 1905, 1915 ஆண்டுக் கோட்பாடுகள் சொன்னதை நாம் தினமும் பயன்படுத்துகிறோம். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் பூமியில் உள்ளவற்றைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோ விநாடி முந்தி ஓடுகின்றன. உயரத்தால் 45 கூடுகிறது, வேகத்தால் 7 குறைகிறது. இதைத் திருத்தாமல் விட்டால் இடம் காட்டுவதில் ஒரே நாளில் 11 கிலோமீட்டர் அளவுக்குப் பிழை சேரும். 2010இல் அமெரிக்காவின் தர அளவீட்டு நிறுவனத்தில் இரண்டு கடிகாரங்களில் ஒன்றை 33 சென்டிமீட்டர் மட்டும் உயர்த்தினார்கள். அந்த உயரத்துக்கே நேரம் மாறுவதை அளந்துவிட்டார்கள்.

இன்னும் பெரிய விகிதம் வேண்டுமென்றால் மியூவான் என்ற துகளைப் பார்க்கலாம். சும்மா இருக்கும்போது அதன் சராசரி ஆயுள் 2.2 மைக்ரோ விநாடி. 1970களில் செர்ன் ஆய்வுக்கூடத்தில் ஒளியின் வேகத்தை நெருங்கி வளையத்தில் சுற்றவிட்டபோது அதே துகள் 64 மைக்ரோ விநாடி வாழ்ந்தது. கிட்டத்தட்ட 29 மடங்கு. ஆக, மெது அறையை மனிதர்கள் ஏற்கெனவே செய்துவிட்டார்கள், துகள் அளவில்.

அப்படியானால் ஒரு மனிதருக்கு ஏன் செய்ய முடியவில்லை? பொருள்கள் கீழே விழுவதற்கான காரணத்தில் இதற்கு விடை இருக்கிறது. தரையில் இருக்கும் கடிகாரம் மேலே உள்ளதைவிடச் சற்று மெதுவாக ஓடுகிறது. பொருள்கள் நேரம் மெதுவாக ஓடும் பக்கம் நோக்கி இழுக்கப்படுகின்றன. ஒரு மீட்டர் உயரத்துக்கு வேறுபாடு ஏறத்தாழ 10,000,000,000,000,000இல் ஒரு பங்குதான். அந்தச் சிறு வேறுபாடுதான் நம் முழு எடையையும் தருகிறது!

அறையின் நேரமும் வெளி நேரமும் சந்திக்கும் எல்லைப் பகுதியை விளிம்பு என்போம். இப்போது ஒரு மீட்டர் தடிமனுள்ள விளிம்பில் வெறும் ஒரு சதவீத வேறுபாட்டை வையுங்கள். அங்கே ஈர்ப்பு பூமியினுடையதைப் போல 92 லட்சம் கோடி மடங்காகிவிடும். அந்த ஒரு சதவீதத்தை நம் சாதாரண எடையோடு கடக்க வேண்டுமானால், விளிம்பின் தடிமன் பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரத்தைப் போல 600 மடங்குக்கு மேல் இருக்க வேண்டும். அறையின் உள்ளே எந்தச் சிக்கலும் இல்லை. உள்ளே நேரம் சீராக ஓடுகிறது, அங்கிருப்பவர் எதையும் உணரமாட்டார். சிக்கல் முழுவதும் விளிம்பில்தான். கால அறையை வடிவமைப்பது என்றால் விளிம்பை வடிவமைப்பது என்றே பொருள்.

அந்த ஒரு பொய்

விகிதம் 10 உள்ள இடத்துக்கு ஒரு பொருளைக் கொண்டுபோவது மாபெரும் மலை மேல் ஏற்றுவதைப் போன்றது. அதற்குத் தேவையான ஆற்றல், அந்தப் பொருளின் நிறைக்குச் சமமான ஆற்றலைப் போல ஒன்பது மடங்கு. ஒரு கிலோவுக்கு நிறை ஆற்றல் 9 × 10¹⁶ ஜூல். 70 கிலோ மனிதரை வேக அறையில் ஏற்ற 5.7 × 10¹⁹ ஜூல் வேண்டும். உலகம் முழுவதும் ஓர் ஆண்டில் செலவழிக்கும் ஆற்றலில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு அது.

நல்ல செய்தி என்னவென்றால், இது செலவு அல்ல, முன்பணம். அவர் திரும்பி வரும்போது அத்தனையும் திரும்பக் கிடைக்கும். ஆகவே நம் உலகத்துக்குத் தேவையான பொய் இதுதான்: இவ்வளவு ஆற்றலை நொடியில் கொடுத்து, சிந்தாமல் திரும்ப வாங்கிக்கொள்ளும் ஒரு சேமிப்பு அங்கே இருக்கிறது. அதைக் கால இருப்பு என்போம். அது படிகமா, புலமா, நிலத்தடி ஏரியா என்பது உங்கள் விருப்பம். ஒரு நிபந்தனை மட்டும் கண்டிப்பானது: சிந்தக்கூடாது. நூறு கோடியில் ஒரு பங்கு சிந்தினாலே ஒருவர் ஒருமுறை உள்ளே போவதற்கு ஏறத்தாழ 16,000 யூனிட் மின்சாரம் வீணாகும். ஏழை நாட்டின் கால இருப்பு சற்றே கசியும், பணக்கார நாட்டினுடையது கசியாது என்று வைத்தால் ஒரு முழு அரசியலே அதிலிருந்து கிளம்பும்.

இதற்கு மேல் பொய் தேவையில்லை. ஆற்றல் அழியாது, வெப்பம் சூடான பக்கத்திலிருந்து குளிர்ந்த பக்கத்துக்கே போகும் என்ற விதிகள் அப்படியே நிற்கட்டும்.

எண்ணிக்கை மாறாது

தொடங்குபவர்கள் மனத்தில் பதிக்க வேண்டிய ஒரே விதி இது. விளிம்பைக் கடக்கும் அலையின் முகடுகளை எண்ணுங்கள். வெளியிலிருந்து ஆயிரம் முகடுகள் வந்தால் உள்ளே ஆயிரம்தான் போய்ச் சேரும். நடுவில் ஒன்று கூடவோ குறையவோ வழியில்லை. ஆனால் அவற்றை எண்ண எடுத்துக்கொள்ளும் நேரம் இரு பக்கமும் வேறு.

வெளியே ஒரு விநாடியில் வரும் முகடுகள், வேக அறைக்குள் பத்து விநாடிகளுக்குப் பரவுகின்றன. அதனால் அதிர்வெண் பத்தில் ஒன்றாகிறது. 550 நானோமீட்டர் அலைநீளமுள்ள பச்சை ஒளி உள்ளே 5,500 நானோமீட்டர் அகச்சிவப்பாகிவிடும். கண்ணுக்குத் தெரியாது. ஜன்னல் வைத்தால் வெளியுலகம் இருட்டாகத்தான் இருக்கும். நண்பகல் வெயிலிலும் உள்ளே விளக்கு வேண்டும். 100 மெகாஹெர்ட்ஸ் வானொலி 10 மெகாஹெர்ட்ஸில் கிடைக்கும், ஆனால் அதில் வரும் பேச்சு பத்து மடங்கு இழுபட்டு வெறும் உறுமலாக ஒலிக்கும். பதிவு செய்து வேகமாக ஓட்டிக் கேட்க வேண்டியதுதான். கதவைத் தாண்டி நேரடியாகப் பேசிக்கொள்ளும் காட்சிகள் எழுதுபவர்கள் கவனிக்க வேண்டிய இடம் இது.

எதிர்த்திசையில் ஆபத்து அதிகம். வேக அறைக்குள் எரியும் சாதாரண விளக்கின் பச்சை ஒளி வெளியே 55 நானோமீட்டர் புறஊதாவாக வரும். அணுக்களிலிருந்து எலக்ட்ரான்களைப் பிய்த்தெடுக்கும் கதிர் அது. ஒவ்வொரு ஒளித்துகளும் பத்து மடங்கு ஆற்றலோடு, பத்து மடங்கு அடிக்கடி வருகிறது. ஆக நூறு மடங்கு திறன். உள்ளே 100 வாட் விளக்கு, வெளியே 10 கிலோவாட் கதிர்வீச்சு.

விளக்கை அணைத்தாலும் தப்ப முடியாது. அறை வெப்பநிலையில் இருக்கும் எல்லாப் பொருளும் கண்ணுக்குத் தெரியாத வெப்பக் கதிரை வீசிக்கொண்டேதான் இருக்கிறது. 300 கெல்வினில், அதாவது 27 டிகிரி செல்சியஸில், உள்ள சுவர் விகிதம் 10 உள்ள அறையில் இருந்தால் வெளியிலிருந்து பார்ப்பவருக்கு அது 3,000 கெல்வின். பழைய குண்டு பல்பின் இழையைப் போல ஒளிரும். நேரம் வேகமாக ஓடும் இடம் வெளியே சூடாகத் தெரியும், மெதுவாக ஓடும் இடம் குளிராகத் தெரியும் என்பதை இயற்பியலாளர் ரிச்சர்ட் டால்மன் 1930இல் கணக்கிட்டுக் காட்டினார். நம் கருவியின் பாதிப் பொறியியல் இந்த ஒரு முடிவிலிருந்தே வருகிறது.

வேக அறையைக் கட்டுவது

மூன்று மீட்டர் நீள அகல உயரமுள்ள கனசதுர அறையை எடுத்துக்கொள்வோம். ஆறு முகங்களும் சேர்ந்து 54 சதுர மீட்டர்.

முதலில் இடைவெளி. உள்சுவருக்கும் வெளிச்சுவருக்கும் நடுவே வெற்றிடம் வேண்டும். விளிம்பு அந்த வெற்றிடத்துக்குள்தான் இருக்க வேண்டும், எந்தத் திடப்பொருளும் அதைக் குறுக்கே கடக்கக்கூடாது. கடந்தால் என்ன? ஓர் இரும்புத் தாங்கியை வைத்தோம் என்று கொள்வோம். அதன் உள்முனை வெளிமுனைக்கு 3,000 கெல்வினாகத் தெரியும். இரும்பு 1,811 கெல்வினிலேயே உருகிவிடும். மின்கம்பிக்கும் தண்ணீர்க் குழாய்க்கும் இதே கதிதான். அதனால் உள்ளறையைக் காந்தத்தால் தொடாமல் மிதக்கவிட வேண்டும், மின்சாரத்தை மின்கலத்தில் அடைத்தே கொண்டுபோக வேண்டும்.

அடுத்தது பூச்சு. உள்ளறையின் வெளிமுகம் கறுப்பாக இருந்தால் சதுர மீட்டருக்கு 459 வாட் வெப்பம் நழுவும். வெளியே அது 46 கிலோவாட்டாக வந்து விழும். வெயிலைப் போல 46 மடங்கு! நன்றாக மெருகேற்றிய வெள்ளிப் பூச்சு இதை 3 சதவீதமாகக் குறைக்கும். அப்போது அறை முழுவதும் சேர்ந்து உள்கணக்கில் 740 வாட் இழக்கும், வெளிச்சுவர் 74 கிலோவாட் வாங்கும். வெளிச்சுவருக்குத் தண்ணீரை ஓடவிட்டுக் குளிரூட்டல், உள்ளே இருப்பவருக்கு ஹீட்டர். வேக அறை வெளியே கொதிக்கும், உள்ளே நடுங்கும். இது பலருக்கும் தலைகீழாகத் தோன்றும் இடம். இரண்டு முறை படித்தாவது புரிந்துகொள்வது நல்லது.

காற்றுக்கும் ஒரு கணக்கு உண்டு. அறையில் 27,000 லிட்டர் காற்று. லேசான வேலை செய்யும் ஒருவர் மணிக்கு ஏறத்தாழ 20 லிட்டர் கார்பன் டை ஆக்ஸைடு விடுகிறார். பத்து மணி நேரத்தில் 200 லிட்டர், அதாவது முக்கால் சதவீதம். அசௌகரியம்தான், ஆபத்தில்லை. இரண்டு பேர் என்றால் ஒன்றரை சதவீதம்: தலைவலி, சோர்வு. அதை உறிஞ்சும் சோடா சுண்ணாம்பு வைக்காமல் இருவரை அனுப்பக்கூடாது.

எடை மாறுமா என்பது அடிக்கடி எழும் கேள்வி. மாறாது. எடையைத் தீர்மானிப்பது தரைக்கும் கூரைக்கும் இடையிலான நேர வேறுபாட்டின் விகிதம். கருவி இரண்டையும் ஒரே பத்தால் பெருக்குவதால் விகிதம் அப்படியே நிற்கிறது. உள்ளே போட்ட பந்து வழக்கம்போலவே விழும்.

மெது அறையில் குளிர்தான் எல்லாம்

மெது அறையின் ஆபத்து வெளியிலிருந்து உள்ளே வருகிறது. விகிதம் 0.1 என்றால் சாதாரண 300 கெல்வின் சுவர், உள்ளே இருக்கும் நோயாளிக்கு 3,000 கெல்வின் உலையாகிவிடும். வெளிச்சுவரை முப்பது கெல்வினுக்குக் குளிர்விக்காமல் கருவியை இயக்கவே கூடாது.

இங்கேதான் அழகான ஒரு பிணைப்பு வருகிறது: எந்தக் குளிரூட்டி கிடைக்கிறதோ அதுதான் விகிதத்தைத் தீர்மானிக்கும். குளிரூட்டியின் வெப்பநிலையை விகிதத்தால் வகுத்தால் உள்ளே உணரும் வெப்பநிலை கிடைக்கும். திரவ நைட்ரஜன் 77 கெல்வின். விகிதம் கால் பங்கு என்றால் உள்ளே 308 கெல்வின், அதாவது 35 டிகிரி செல்சியஸ். வெதுவெதுப்பான அறை. அதே நைட்ரஜனை வைத்துக்கொண்டு பத்தில் ஒன்றுக்குப் போனால் 770 கெல்வின், நோயாளி கருகிவிடுவார். பத்தில் ஒன்றுக்குத் திரவ நியான் பொருத்தம்: 27 கெல்வின், உள்ளே மைனஸ் 2 டிகிரி. தடித்த போர்வை போதும். சிற்றூர் மருத்துவமனையில் நைட்ரஜனும் கால் பங்கு விகிதமும், தலைநகரில் நியானும் பத்தில் ஒன்றும் என்று உங்கள் உலகத்தில் பிரித்துவிடலாம்.

இதைவிட மெதுவாக எவ்வளவு தூரம் போகலாம்? ஆழ் விண்வெளியின் பின்னணி வெப்பநிலையே 2.7 கெல்வின். நூறில் ஒன்று என்றால் உள்ளே 270 கெல்வின், பிழைத்துக்கொள்ளலாம். ஆயிரத்தில் ஒன்று என்றால் 2,700 கெல்வின். இயற்கையின் குளிரை மட்டும் நம்பினால் நூற்றுப் பத்தில் ஒன்று அளவில் எல்லை வந்துவிடுகிறது. எழுதுபவருக்கு இது ஒரு வரம். கதாநாயகி ஆயிரம் ஆண்டு தூங்கி எழ வேண்டுமென்றால், உள்ளே அவளுக்குக் குறைந்தது ஒன்பது ஆண்டு கழியும்.

வெற்றிடம் இங்கே இன்னும் முக்கியம். வெளியே இருந்து தவறி வந்த ஒரு வாயு மூலக்கூறு விளிம்பில் விழுந்தால் ஒளியின் வேகத்தில் 99.5 சதவீதத்தை எட்டி உள்சுவரில் மோதும். அண்டக்கதிர் தாக்குவதைப் போல. சிறு கசிவு என்றாலே கதிர்வீச்சு எச்சரிக்கைதான்.

மதகு அறை

விளிம்பை யாரும் கடக்கக்கூடாது என்றால் உள்ளே போவது எப்படி? கால்வாயில் படகை ஏற்றும் பூட்டு மதகைப் போலத்தான். ஆளை நகர்த்தாமல், ஆள் நிற்கும் சிறு அறையின் நேரத்தை மாற்ற வேண்டும்.

வெளிக்கதவைத் திறந்து மதகு அறைக்குள் வந்து நிற்கிறார். கதவை மூடி, சுற்றியுள்ள இடைவெளியை வெற்றிடமாக்குகிறார்கள். விகிதத்தை 1இலிருந்து 10 வரை சீராக உயர்த்துகிறார்கள். அறை முழுவதும் ஒரே விகிதத்தில் உயர்வதால் அவருக்கு ஒன்றும் தெரியாது. பத்தைத் தொட்டதும் உள்ளறையிலும் மதகிலும் நேரம் ஒரே வேகத்தில் ஓடுகிறது, இடையில் விளிம்பே இல்லை. உள்கதவைத் திறக்கலாம். வெளியே வர இதே வரிசை பின்னோக்கி. இரண்டு கதவும் ஒன்றாகத் திறக்காதபடி இயந்திரப் பூட்டே தடுக்க வேண்டும், மென்பொருளை மட்டும் நம்பக்கூடாது.

விகிதம் அறை முழுவதும் சீராக மாறுகிறதா என்பதில்தான் உயிர் இருக்கிறது. விகிதத்தை மாற்றுவதற்காகச் சுற்றிலும் வைத்துள்ள சுருள்களில் ஒன்று ஒரு விநாடி பிந்தினால், ஒருவரின் தலை 10இலும் நெஞ்சு 1இலும் இருக்க நேரலாம். தலைக்குப் பத்து விநாடி கழியும், இதயமோ ஒரு விநாடிக்கான ரத்தத்தைத்தான் அனுப்பியிருக்கும். மூளைக்கு ரத்தம் நின்றால் பத்து விநாடியில் நினைவு தவறும். அதே பிந்தல் 20 மில்லி விநாடி என்றால் தலைக்கு 0.2 விநாடிதான், உடல் தாங்கும். அதனால் விதி: எந்தச் சுருள் நின்றாலும் 20 மில்லி விநாடிக்குள் எல்லாமே ஒன்றாக இறங்க வேண்டும். மின்சாரம் போய் அறை முழுவதும் ஒன்றாக 1க்குத் திரும்புவதில் தீங்கில்லை. பாதி மட்டும் திரும்புவதுதான் கொல்லும்.

யார் செலவைக் கட்டுவது?

ஒரு தந்திரம் தோன்றலாம். மின்கலத்தை வேக அறைக்குள் கொண்டுபோய் 100 வாட் விளக்கை ஒரு மணி நேரம் எரிக்கிறோம். செலவு 0.1 யூனிட். வெளியே ஆறு நிமிடத்துக்கு 10 கிலோவாட் ஒளி, அதாவது 1 யூனிட். பத்து மடங்கு லாபம்! எங்கிருந்து வந்தது?

கால இருப்பிலிருந்து. 0.1 யூனிட் ஆற்றல் ஒளியாக வெளியேறியதால் மின்கலம் மிக மிகச் சிறிதளவு எடை குறைந்துவிட்டது. அதை இறக்கும்போது திரும்பக் கிடைக்கும் முன்பணத்தில் சரியாக 0.9 யூனிட் குறையும். ஆகவே வாய்பாடு எளிது: வேக அறையிலிருந்து கதிராக நழுவும் ஒவ்வொரு யூனிட்டுக்கும், விகிதத்தில் ஒன்று குறைத்த அளவு யூனிட் இருப்பிலிருந்து போகும். நம் வெள்ளிப் பூச்சு அறையில் உள்கணக்கில் மணிக்கு 0.74 யூனிட் நழுவுகிறது. பத்து மணி நேர வேலைக்கு மின்கலத்தில் 7.4 யூனிட், இருப்பில் 67 யூனிட். இந்த 67ஐ நிரப்பாமல் விட்டால் ஒருநாள் மதகு பாதி வழியில் நின்றுவிடும்.

மெது அறை இருப்புக்கு லாபம் தருகிறது. நோயாளியின் உடல் 0.1 யூனிட் வெப்பம் விட்டால் வெளியே 0.01 மட்டும் வருகிறது, 0.09 இருப்பில் சேர்கிறது. ஆனால் அந்த 0.01ஐ 27 கெல்வினிலிருந்து அறை வெப்பநிலைக்கு இறைத்துத் தள்ள, மிகச் சிறந்த குளிர்விப்பானுக்கே 0.1 யூனிட் ஆகும். லாபத்தையும் தின்று சற்று மேலும் கேட்கும். வெப்ப விதிகளை நாம் பொய்யாக்காமல் விட்டதால் அவை தாமாகவே ஓட்டையை அடைத்துக்கொண்டன. எந்தப் புதிய விதியையும் எழுத வேண்டியிருக்கவில்லை என்பதைக் கவனியுங்கள்.

பின்னோக்கிப் போவது

இந்தக் கருவியால் முடியாது. விகிதம் எவ்வளவு சிறிதானாலும் சுழியத்துக்கு மேலேதான் இருக்கும், அதனால் எந்தச் செய்தியும் அனுப்பப்பட்ட நேரத்துக்கு முன் வந்து சேராது. பின்னோக்கிய பாதைகள் உள்ள ஒரு பேரண்டத்தை ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளிலிருந்தே கணிதவியலாளர் குர்ட் கோடல் 1949இல் கணக்கிட்டார், ஆனால் அதற்குப் பேரண்டம் முழுவதுமே சுழல வேண்டும். அது அறைக்குள் அடங்கும் வேலை அல்ல.

குறிப்பேடு

மதகில் ஒரு கடிகாரம் போதாது, இரண்டு வேண்டும். தொடங்குபவர்கள் தவறு செய்வது பெரும்பாலும் ஏறும் நேரத்தைக் கணக்கிடுவதில். விகிதம் 1இலிருந்து 10க்கு வெளிக்கணக்கில் 60 விநாடியில் சீராக ஏறினால், உள்ளே கழிந்தது 600 விநாடி அல்ல. சராசரி விகிதம் 5.5, அதனால் 330 விநாடி. இறங்கும்போது இன்னொரு 330. உள்ளே பத்து மணி நேரம் இருந்து திரும்பியவருக்கு மொத்தம் 10 மணி 11 நிமிடம். வெளியே 1 மணி 2 நிமிடம். இரண்டின் வித்தியாசம் 9 மணி 9 நிமிடம், இதைத்தான் அவருடைய வயதில் கூட்ட வேண்டும். வாரத்துக்கு ஐந்து முறை, ஆண்டுக்கு ஐம்பது வாரம் போகும் ஒருவர் ஆண்டுதோறும் மற்றவர்களைவிட 95 நாள் கூடுதலாக மூப்படைவார். நான்கு ஆண்டில் ஒரு வயதுக்கு மேல்.